சத்தமில்லாமல் ஒரு வசனம்!

"ஐயோ... எழுந்திருக்க மாட்டேங்கறாரே!"

கதாநாயகி லவினியாவின் அலறலில் படப்பிடிப்புக் கண்ணாடிக்கூடமே அதிர்ந்தது.

காட்சிப்படி ஆம்ப்ரோஸ் டக்வெல் விஷம் குடித்துச் சாக வேண்டும். குடித்தார். விழுந்தார். 'கட்' சொன்ன பிறகும் எழவில்லை!

டைரக்டர் லோமாக்ஸ் கேமராக்காரரிடம் பாய்ந்தார்.

"முழுசா எடுத்தியா?"

"எடுத்துட்டேன் சார்."

"அப்ப டாக்டரைக் கூப்பிடு!"

டக்வெல் லண்டன் மேடையில் இருபது வருஷம் கர்ஜித்த சிங்கம். கடைசி பெஞ்சுக்காரனையும் அழவைத்த குரல். அவர் போன வருஷம் திடீரென்று பிரைட்டன் பக்கம் வந்து ஊமைப்படத்தில் குதித்தபோது ஊரே சிரித்தது.

இங்கே யாரிடமும் கிசுகிசுப்பாகத்தான் பேசுவார். கேட்டால், "குரலைச் சேமிக்கறேன்" என்பார்.

வரும் திங்கட்கிழமை அவர் மறுபடி மேடையேறப் போகிறார். லண்டன் முழுக்கச் சுவரொட்டி!

டாக்டர் வந்தார். உயிர் இருந்தது. கோப்பையில் அபின் மருந்து!

மறுநாள் கண்விழித்த டக்வெல் வாயைத் திறந்தார்...

வெறும் காற்றுதான் வந்தது.

இன்ஸ்பெக்டர் கட்புஷ் மீசையை முறுக்கினார். "கோப்பையை நீட்டினது யாரு?"

"நான்தான் சார்..." என்றான், வில்லனாக நடித்த ஹூபர்ட் பென்ஃபோல்ட்.

"இவர் மேடையேற முடியாட்டா அந்த வேஷம் யாருக்கு?"

"எனக்குத்தான்... ஆனா சார்..."

"ஆனாவை கோர்ட்டுல சொல்லு! டக்வெல் சார், இவன்தானே?"

டக்வெல் கண்ணை மூடிக்கொண்டு தலையாட்டினார்.

பென்ஃபோல்டின் கையில் விலங்கு!

சேதி தெரிந்து அவன் மனைவி வினிஃப்ரெட் புயலாக ஸ்டேஷனுக்கு வந்தாள். சின்ன வயதுக் காய்ச்சலில் காது போனவள்.

"அந்தப் படத்தை எனக்குப் போட்டுக் காட்டுங்க!"

"எதுக்கும்மா?"

"எனக்கு உதட்டைப் படிக்கத் தெரியும். போன படத்துல டக்வெல் நிலா வெளிச்சத்துல லவினியா கையைப் புடிச்சு உருகினாரே... என்ன சொன்னார் தெரியுமா? 'மத்தியானம் வெங்காயம் தின்னியா?'ன்னு கேட்டார்!"

கட்புஷ் லவினியாவுக்கு ஆள் அனுப்பினார்.

பதில் வந்தது. "ஆமா... தின்னேன்!"

படம் கழுவி வந்ததும் எல்லோரும் இருட்டறையில் கூடினார்கள். விலங்கோடு பென்ஃபோல்ட். சால்வையோடு டக்வெல்.

திரையில் டக்வெல் கோப்பையை வாங்கினார். கேமராவுக்கு முகம் காட்டினார். உதடுகள் அசைந்தன...

"நிறுத்துங்க!" வினிஃப்ரெட் எழுந்தாள். "மறுபடி ஓட்டுங்க!"

ஓட்டினார்கள். அவள் ஒவ்வொரு வார்த்தையாகப் படித்தாள்.

"'கோப்பையே... இந்தத் தொண்டை செத்து ஒரு வருஷமாச்சு. யாருக்கும் தெரியாது. உனக்குள்ள அபினைக் கலந்தது நான்தான்னும் தெரிய வேண்டாம். எவனோ குரலைப் பறிச்சுட்டான்னு லண்டன் அழட்டும்... குரல் போன கிழவன்னு சிரிக்க வேண்டாம்!'"

யாரோ விளக்கைப் போட்டார்கள்.

லோமாக்ஸ் தலையில் அடித்துக்கொண்டார். "யோவ்! ஊமைப்படத்துல எதுக்குய்யா வசனம்?"

டக்வெல்லின் கண்கள் கலங்கின. கரகரத்த கிசுகிசுப்பு வெளியே வந்தது.

"கேமரா சத்தத்துல யாருக்கும் கேக்காதுன்னு நெனைச்சேன். மேடைக்காரன்யா நான்... வசனம் இல்லாம சாகத் தெரியாது."

பென்ஃபோல்டின் பக்கம் திரும்பினார்.

"மன்னிச்சிடு ஹூபர்ட். உன்னைப் புடிப்பாங்கன்னு நெனைக்கல. புடிச்சப்புறம் உண்மையைச் சொல்ல வாய் வரல."

"வாய்தான் வரல! தலை மட்டும் நல்லா ஆடுச்சே!"

"அவரை விடு" என்றாள் வினிஃப்ரெட், கணவனின் கையைப் பிடித்தபடி. "குரல் போனா உலகமே போச்சுன்னு நெனைச்சுட்டார். டக்வெல் சார், உங்க குரலை நான் ஒரு நாளும் கேட்டதில்ல. ஆனா உங்க ஒரு படத்தையும் விட்டதில்ல!"

டக்வெல் முதல் முறையாக, நடிக்காமல் அழுதார்.

பென்ஃபோல்டின் விலங்கைக் கழற்றிய கட்புஷ், அதைத் தூக்கிக்கொண்டு டக்வெல்லை நெருங்கினார்.

"பொய்ச்சாட்சி சொன்னதுக்கு உங்களைக் கைது பண்றேன். இனிமே நீங்க பேசறது எல்லாம் உங்களுக்கு எதிரா சாட்சியாகும்... ஜாக்கிரதை!"

டக்வெல் கண்ணைத் துடைத்துக்கொண்டு கையை நீட்டினார்.

"பேசாத படத்தையே சாட்சியாக்கிட்டீங்க... இனி பேசினா மட்டும் என்னய்யா ஆயிடப் போவுது?"