நான்காவது அடிக்குறிப்பு

நாற்பதாவது பக்கத்தின் அடியில் மூன்று குறிப்புகள்தான் இருந்தன. பேராசிரியரின் முதுகுக்குப் பின்னால், சோபாவில் இருந்த மனைவியின் குரல் நான்காவதை வாசித்தது.

முப்பது வருடமாக அவர்கள் வீட்டில் இதுதான் வழக்கம். அவள் மூலப்பிரதியை ஒரு புள்ளி விடாமல் சத்தமாக வாசிப்பாள்; அவர் அச்சகத் தாளைப் பார்த்துக்கொண்டே, விட்டுப்போனதைச் சிவப்புப் பேனாவால் ஓரத்தில் சேர்ப்பார். அமெரிக்க இலக்கிய வரலாற்றில் யாரும் சீண்டாத கிறுக்கு எழுத்தாளர்களைத் தோண்டியெடுப்பது அவர் வேலை. சுவர்க்காகிதத்தின் பின்பக்கம் முழு நாவல் எழுதிய ஒருத்தியைப் பற்றிய இந்தப் புத்தகம்தான் அவருக்குச் சோறும் பேரும் போட்டது. இப்போது பத்தாம் பதிப்பு.

"திரும்ப வாசிம்மா."

"இந்தச் சுவர்க்காகிதங்களைக் கண்டுபிடித்தவள் என் மாணவி. முற்றுப்புள்ளி."

அவருக்குக் காது மடல் சுட்டது. அப்படி ஒரு வரியை அவர் எழுதவே இல்லை. எழுதியிருக்க வேண்டியவர்தான். மூன்று வருடம் நூலக நிலவறையின் ஈரத்தில் உட்கார்ந்து, இருமி இருமி அந்த மாணவி நிரப்பிய எட்டு நோட்டுகளைச் சரிபார்க்க என்று வாங்கி, தன் பெயரில் இந்தப் புத்தகமாக்கிக்கொண்டார். அவள் ஆய்வேட்டில் 'போதாது' என்று எழுதித் திருப்பினார். அவள் கதவைத் தட்டியபோது விளக்கை அணைத்துவிட்டு உள்ளேயே மூச்சடக்கி உட்கார்ந்திருந்தார். அந்த மழைக்காலத்தைத் தாண்டாமல் அவள் செத்துப்போனாள். நினைத்தாலே கூசியது. மனைவிக்கு இதில் ஒரு சொல்கூடத் தெரியாது, தெரியவும் கூடாது.

"அடுத்த பக்கம் போ," என்றார்.

குரல் போகவில்லை. ஐந்தாவது குறிப்பை வாசித்தது. எட்டு நோட்டுகள். ஆறாவது. அணைந்த விளக்கு. சாயங்கால வெயில் இன்னும் ஜன்னலில் இருந்தது. ஆனாலும் அறையில் ஈரக் காகித வாடை ஏறியது. வாசிப்புக்கு நடுவில் இருமல். நீளமான, வறட்டு இருமல்.

"எழுதிட்டீங்களா, சார்?"

மனைவி அவரை ஒருநாளும் சார் என்றதில்லை.

திரும்பினார். அவள் வாய் லேசாகத் திறந்தபடி தூங்கிக்கொண்டிருந்தாள். மூலப்பிரதி தரையில் கிடந்தது.

குனிந்து மேஜையைப் பார்த்தார். ஓரம் முழுக்கச் சிவப்பு. பொடிப்பொடியாக, இடதுபக்கம் சாய்ந்த எழுத்து. அவருடையது அல்ல. கை மட்டும் அவருடையது. அது இன்னும் எழுதிக்கொண்டிருந்தது.

"கண்ணசந்துட்டேன் போல," என்று மனைவி எழுந்து வந்தாள். "இவ்வளவு என்னங்க எழுதினீங்க?"

"படிக்காதே."

அவள் தாளை உருவிக்கொண்டாள். முதல் வரியில் நெற்றி சுருங்கியது. இரண்டாவது வரியில் ஓரடி பின்வாங்கினாள்.

"யாருங்க இந்தப் பொண்ணு?"

அவர் கை நிற்கவில்லை. வெறும் மேஜைப்பலகையில் எழுதியது. அவர் இடது கையால் அமுக்கினார். உள்ளங்கையில் எழுதியது. தோல் கிழிந்தது. எழுதியது. மனைவி வரிவரியாகப் படித்துக்கொண்டே போனாள்.