ஆளில்லாத நாற்காலியின் விளக்கு

எளாவூர் செக்போஸ்ட்டுக்கு ஒரு மைல் கிழக்கே, பழைய உப்புக் கிடங்கில் ஓர் எஞ்சினீயர் மெஷின் வைத்திருக்கிறார், அங்கே சும்மா உட்கார்ந்திருப்பதற்கே கூலி தருகிறார் என்று கோவிந்தம்மாவிடம் சொன்னவள் அவளுடைய நாத்தனார். 1973ஆம் வருடம். அணைகளில் தண்ணீர் இல்லை என்று பகலில் பாதி நேரம் கரண்ட்டை நிறுத்திவைத்த காலம்.

கோவிந்தம்மாவின் புருஷன் துலுக்காணம் பழவேற்காடு ஏரியில் இறால் பிடிக்கப் போய் இரண்டு வருடம் ஆகியிருந்தது. படகு மட்டும் கரை ஒதுங்கியது. ஆள் கிடைக்கவில்லை. அன்றிலிருந்து சோறு வடிக்கும்போதும் மீன் கூடையைச் சுமக்கும்போதும் அவளுக்கு ஒரே நினைப்பு. தண்ணீருக்கு அடியில் அவன் கண்ணைத் திறந்தபடி கிடக்கிறான். அழுகை எப்போதோ வற்றிப்போய், வெறும் அலுப்பு மட்டும் மிச்சமிருந்தது.

கிடங்கின் சுவரெல்லாம் உப்புப் பூத்து ஈரம் கசிந்தது. உள்ளே இரண்டு மர நாற்காலிகள். ஒவ்வொன்றுக்கும் ஒரு செம்புத் தொப்பி, தலைக்கு மேலே ஒரு குண்டு பல்பு. தொப்பிகளிலிருந்து கிளம்பிய வயர்கள் நடுவில் ஆள் உயரத்துக்கு நின்ற ஒரு பீப்பாய்க்குள் போயின. மனுஷனுடைய நினைப்பைக் கரண்ட்டாக மாற்றும் மெஷின் அது என்று எஞ்சினீயர் பாக்கியநாதன் ஏதோ மாவு மில்லைப் பற்றிச் சொல்வதுபோலச் சொன்னார். சந்தோஷமான நினைப்பு மினுக்கென்று எரிந்து அணைந்துவிடுமாம். இறக்கி வைக்க முடியாத நினைப்புதான் நின்று எரியுமாம்.

கோவிந்தம்மா தொப்பியை மாட்டிக்கொண்டு உட்கார்ந்தாள். பல்பு பளீரென்று எரிந்தது. அடுத்த பட்டறையில் காலையிலிருந்து நின்றுகிடந்த லேத் ஓடத் தொடங்கியது.

அன்றைக்கு வீட்டுக்குப் போய்ப் படுத்தவள், விடியும்வரை தூங்கினாள்.

பக்கத்து நாற்காலிக்காரர் தேசப்பன், ஐம்பது வயது லாரி டிரைவர். கல்கத்தா ரோட்டில் ஒரு சின்னப் பெண் குறுக்கே ஓடிவந்துவிட்டது. இவர்மேல் குற்றமில்லை என்று கோர்ட்டே சொல்லிவிட்டது. ஆனாலும் அதற்குப் பிறகு அவர் ஸ்டியரிங்கைத் தொடவில்லை. கோவிந்தம்மாவிடம் அவர் பேசியதே குறைவு. பேசினால் ஒரே பேச்சுதான்.

"ஒரு நிமிட்டு முன்னால பிரேக்க மிதிச்சிருந்தா போதும், தங்கச்சி."

மூன்றாவது மாதம் ஒரு நாள், மீன் அலசிக்கொண்டிருந்தவளுக்குப் புருஷனின் முகம் நினைவுக்கு வரவில்லை. குரலைத் தேடினாள். அதுவும் இல்லை. தனக்கு ஒரு புருஷன் இருந்தான் என்கிற செய்தி மட்டும் யாரோ சொல்லிக் கேட்டதுபோல இருந்தது. பயந்துபோய் எஞ்சினீயரிடம் சொன்னாள். களைப்புதான், நன்றாகச் சாப்பிடு என்று அவர் அனுப்பிவிட்டார்.

அடுத்த திங்கட்கிழமை உச்சி வெயிலில் தேசப்பன் நாற்காலியிலேயே தலை சாய்ந்து செத்துப்போனார். தம்பிக்காரன் வந்து மாட்டு வண்டியில் உடலை எடுத்துப் போனான். பாக்கியநாதன் தொப்பியைக் கழற்றி ஆணியில் மாட்டினார்.

மறுநாள் கோவிந்தம்மா உள்ளே நுழைந்தபோது, தேசப்பனின் நாற்காலிக்கு மேலே பல்பு எரிந்துகொண்டிருந்தது.

"இன்னா சார், ஆளே பூட்டாரு. லைட்டு எரியுதே?"

பாக்கியநாதனின் கண்கள் சிவந்திருந்தன. நினைப்பு எதுவும் செலவாகவே இல்லை, பீப்பாய்க்குள்ளேயே சுற்றிக்கொண்டிருக்கிறது, இனி ஆளே வேண்டாம் என்றார். பிறகு, எல்லா வயரையும் பிடுங்கிப் பார்த்தும் அணையவில்லை என்று தணிந்த குரலில் சேர்த்துக்கொண்டார்.

அப்போதுதான் அவள் கவனித்தாள். கிடங்கில் உப்பு வாடை இல்லை. டீசல் நாறியது. கூடவே, கருகிய ரப்பர் வாடை.

பீப்பாய்க்குள் ஏதோ தட்டியது.

டக்.

டக்.

இரும்பை இரும்பு தட்டும் ஓசை. ஒரு கால் ஓயாமல் எதையோ மிதித்துக்கொண்டிருந்தது. களைத்துப்போன கால். ஆனாலும் நிறுத்தவில்லை.

அதற்கும் கீழே, வெகு ஆழத்தில், தண்ணீர் மெல்ல அலம்பியது.

கோவிந்தம்மாவுக்குப் புரிந்தது. அவள் புருஷனும் எங்கேயும் போய்விடவில்லை. மூன்று மாதமாக அவள் இறக்கி வைத்ததெல்லாம் அதற்குள்தான் கிடக்கிறது. கண்ணைத் திறந்தபடி.

"நிறுத்துங்க சார்."

"எனக்கு நிறுத்தத் தெரியலைம்மா," என்றார் பாக்கியநாதன்.

இறக்கி வைத்த வழியிலேயே திரும்பத் தூக்கிக்கொள்ளலாம் என்று அவளுக்குத் தோன்றியது. வயர்களைப் பழையபடி மாட்டச் சொன்னாள். ஆணியிலிருந்த தொப்பியை எடுத்துக்கொண்டு தேசப்பனின் நாற்காலியில் போய் உட்கார்ந்தாள். உயிருக்கு ஆபத்து, யோசித்துச் செய் என்று பாக்கியநாதன் கெஞ்சினார். அவள் கேட்கவில்லை.

"எங்க ஊட்டு ஆள நான்தான் சொமக்கணும். டிரைவர் அண்ணன மட்டும் இதுக்குள்ள உட்டுட்டு எப்படிப் போறது?"

தொப்பியை மாட்டிக்கொண்டு பீப்பாயின் பக்கம் திரும்பினாள். காதோடு சொல்வதுபோலச் சொன்னாள்.

"வாங்கண்ணே. போலாம்."

பல்பு ஒரு தரம் துடித்து அணைந்தது.

துலுக்காணத்தின் முகம் வந்தது. உடைந்த முன்பல், வெயிலில் வெளுத்த புருவம், பேரைச் சொல்லிக் கூப்பிடும் அந்தக் கரகரத்த குரல், எல்லாம் ஒரேயடியாக வந்து நெஞ்சில் விழுந்தது. வெகுகாலத்துக்குப் பிறகு அவள் அழுதாள். பீப்பாய் ஓய்ந்திருந்தது. பாக்கியநாதன் சுவரில் சாய்ந்து, கண்ணை மூடிக்கொண்டு நின்றார்.

நாலு மணி பஸ்ஸில் சுண்ணாம்புக்குளம் திரும்பினாள். முன் சீட்டில் ஜன்னலோரம் இடம் கிடைத்தது. இரண்டு ஆட்களின் அலுப்பு அவள் உடம்பில் இருந்தது. தூங்கினால் தேவலை என்றிருந்தது. இரண்டு பக்கமும் வெறும் பொட்டல். ரோட்டில் ஒரு நாய்கூட இல்லை.

திடீரென்று பஸ் கிறீச்சிட்டு நின்றது. நின்றிருந்தவர்கள் ஒருவர்மேல் ஒருவர் சரிந்தார்கள். டிரைவர் இறங்கி முன்சக்கரங்களுக்கு அடியில் குனிந்து பார்த்தார். ஒன்றுமில்லை. திரும்ப ஏறி உட்கார்ந்து, வெகுநேரம் தன் கால்களையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"நான் பிரேக்க மிதிக்கவே இல்லபா," என்றார் கண்டக்டரிடம், யாருக்கும் கேட்டுவிடக்கூடாது என்பதுபோல.

கோவிந்தம்மா குனிந்து பார்த்தாள்.

அவளுடைய வலது கால் விறைத்து நீண்டு, பஸ்ஸின் தரைப் பலகையை அழுத்திக்கொண்டிருந்தது. இரண்டு கையாலும் பிடித்துத் தூக்கினாள்.

கால் வரவில்லை.