கட் சொல்லாத ஷாட்

நேற்று வெட்டி எறிந்த ஷாட் இன்று மறுபடி நீண்டிருந்தது. எடிட்டருக்குப் பற்றிக்கொண்டு வந்தது. சாயங்காலத்துக்குள் போட்டிக்கு அனுப்பியாக வேண்டிய குறும்படம். ஒரு பெண் இருட்டோடு மல்லுக்கட்டுகிறாள், அவ்வளவுதான் கதை. நடித்தது அவன் தங்கை. பூட்டிய அறையில் சுவரைத் தள்ளுகிறாள், கதவைத் தேடித் தடவுகிறாள், இருட்டு மேலே கவியக் கவியக் கையால் விலக்குகிறாள். பரிசோதனை முயற்சியாம், மண்ணாங்கட்டி!

மறுபடி வெட்டினான். மறுபடி நீண்டது. மின்விசிறியின் கரகரப்புக்கு அடியில், ஹெட்போனுக்குள், நகம் சுவரைப் பிராண்டும் சத்தம் விடாமல் கேட்டுக்கொண்டே இருந்தது. ஈரச் சுண்ணாம்பு வாடை வேறு எங்கிருந்தோ வந்து மூக்கில் ஏறியது. கம்ப்யூட்டரைத் தட்டினான், திட்டினான், கடைசியில் டைரக்டருக்குப் போன் போட்டான்.

"டேய் கண்ணாடி, இந்த ஷாட்டுக்கு எப்படா கட் சொன்ன?"

"எங்கடா சொன்னேன்? 'நான் கட் சொல்ற வரைக்கும் விடாதே'ன்னு அவகிட்ட சொல்லியிருந்தேன். நடுவுல கரண்ட் போயிடுச்சு. பார்த்தா உன் தங்கச்சி வெளியில வந்து நிக்கிறா. அப்படியே பேக்கப் பண்ணிட்டோம்."

போனை வைத்தான். ஷூட்டிங் முடிந்து வீட்டுக்கு வந்ததிலிருந்து அவள் தன் அறையில் விளக்கே போடவில்லை. "நடிச்சது போதும், தாயே" என்று இவன்கூடக் கிண்டலடித்திருந்தான்.

திரையில் வெளிச்சத்தைக் கூட்டினான். முகம் தெரிந்தது. கன்னம் ஒட்டிப்போயிருந்தது. விரல் நுனியெல்லாம் ரத்தம். இந்தப் படத்துக்கு மேக்கப்பே கிடையாது.

அவள் நேராக இவனைப் பார்த்தாள்.

"அண்ணா, முடியலண்ணா. கட் சொல்லுண்ணா."

ஹெட்போனைக் கழுத்துக்கு இறக்கினான். பக்கத்து அறையில் தங்கையின் கட்டில் கிரீச்சிட்டது. காலடிச் சத்தம். அவன் கதவுக்கு வெளியே வந்து நின்றது.

திரும்பவில்லை. தங்கையை எப்படியாவது வெளியே கொண்டுவர வேண்டும். வேறொன்றும் தோன்றவில்லை.

"கட்!" என்று கத்தினான். "கட்! போதும்மா, வந்துடு!"

அவள் நம்பினாள். பெருமூச்சு விட்டாள். இத்தனை நாளும் இருட்டைத் தள்ளிக்கொண்டிருந்த இரண்டு கைகளையும் கீழே போட்டாள்.

"அண்ணா, கதவு எங்கண்ணா?"

இருட்டு ஏறியது. இடுப்பு. கழுத்து. வாய்.

கண்கள் மட்டும் கொஞ்ச நேரம் தெரிந்தன. பிறகு அவையும் இல்லை.

பின்னால் கதவு திறந்தது. ஒரு கை வந்து அவன் தோளில் அமர்ந்தது. நகங்களெல்லாம் முழுசாக, சுத்தமாக இருந்தன.

"அப்பாடா," என்றது தங்கையின் குரல், காதோரமாக. "ஒரு வழியா விட்டுட்டா."