கோடில்லாத படகு

ஊர் உலகத்தில் எல்லோருக்கும் தலையெழுத்து தலையில் இருக்கும். செம்மணல்தீவுக்காரர்களுக்கு மட்டும் அது பாறையில் இருந்தது. பிள்ளை பிறந்ததும் கரையோரப் பெரும்பாறையில் காவியால் அதற்கென்று ஒரு கோடு போடுவார்கள். ஒன்று வளையும், ஒன்று சுழிக்கும், ஒன்று மீன்முள் போலக் கிளைவிடும். அதே கோட்டை அவரவர் படகின் முகப்பிலும் வரைவார்கள். எழுதியது நடக்கும், எழுதாதது நடக்காது. அவர்கள் வேதாந்தம் மொத்தமும் அவ்வளவுதான்.

கடலுக்குப் போனவன் அடுத்த அமாவாசைக்குள் திரும்பாவிட்டால், பெற்றவளே கடல்நீர் மொண்டு அவன் கோட்டைக் கழுவ வேண்டும். கழுவியபின் அவன் பேரைச் சொல்லக்கூடாது; எதிரே வந்து நின்றாலும் பார்க்கக்கூடாது. சங்கு குளிக்கப் போன முனியராஜின் கோடும் அப்படித்தான் போயிற்று.

அவன் அக்கா நம்புத்தாய் அதற்கு முன்பே, தம்பியைத் தேடி வரச் சொல்லி வீடு வீடாக ஏறி இறங்கியிருந்தாள். கீழ்ப்பார் என்னும் பவளப்பாறை வரிசைக்கு அப்பால் உள்ள மணல்திட்டுக்குப் போவதாக அவளிடம் மட்டும் சொல்லிவிட்டுப் போயிருந்தான். ஊரார் அசையவில்லை. கோடு இருக்கிறவரை அவனே வருவான், தேட வேண்டாம் என்றார்கள். கோடு போனபிறகு, தேடக்கூடாது என்றார்கள். ஆக, எப்படியும் யாரும் துடுப்பைத் தொட வேண்டியதில்லை. நல்ல ஏற்பாடுதான்!

அவள் அப்பாவின் பழைய வத்தை தாழம்புதருக்கடியில் கவிழ்ந்து கிடந்தது. அவர் செத்த அன்றே அதன் முகப்புக் கோட்டைச் சுரண்டிவிட்டார்கள். அந்தச் சின்னப் படகை நம்புத்தாய் தனியாகப் புரட்டினாள், தனியாகத் தள்ளினாள். ஆத்தா வந்து ஒரு குடம் நல்ல தண்ணீரைப் படகில் வைத்தாள். மகள் முகத்தைப் பார்க்காமல் போய்விட்டாள்.

கரை மறைந்ததும் பலகை இடுக்கில் தண்ணீர் கசிந்தது. சேலைத் தலைப்பைக் கிழித்து அடைத்தாள். ஒரு கை துடுப்புப் போட, மறு கை தண்ணீரை இறைத்தது. நடுப்பகலில் தூரத்தில் ஒரு பாய் தெரிந்தது. மாமன் மகன் காளிமுத்துவின் படகு! எழுந்து நின்று கையை வீசினாள். கூப்பிடு தூரத்தில்தான் போனான். வத்தையின் வெறும் முகப்பைக் கண்டதும் முகத்தைத் திருப்பிக்கொண்டான். கோடில்லாத படகில் இருப்பவள் இருப்பவளா என்ன? சிறுவயதில் அவள் தோளில் தூங்கியவன் அவன். நம்புத்தாய் உட்கார்ந்து அழுதாள். திட்டுவதற்குக்கூடப் பக்கத்தில் ஆள் இல்லை.

கீழ்ப்பாரில் அலை வெள்ளையாக உடைந்துகொண்டிருந்தது. பவளப்பாறைகளுக்கு நடுவே ஒரே ஒரு சந்து. அலை எழும்பும்வரை காத்திருந்து, அதன் முதுகிலேயே வத்தையை விட்டாள். அடிப்பலகை கிறீச்சென்று உரசியது. இரண்டாவது அலை படகைத் தூக்கி அந்தப் பக்கம் போட்டது. துடுப்பு ஒன்று போயே போய்விட்டது.

மணல்திட்டில் முதலில் தெரிந்தது தம்பியின் படகு. கரையேற்றி ஒழுங்காகக் கட்டியிருந்தது. ஒரு பலகை பெயரவில்லை, பாய் கிழியவில்லை. அதன் நிழலில் முனியராஜ் குத்துக்காலிட்டு உட்கார்ந்திருந்தான். எலும்பும் தோலுமாக, ஆனால் உயிரோடு. ஊற்றுத் தோண்டி உவர்த்தண்ணீர் குடித்து, மட்டிச் சிப்பியைச் சுட்டுத் தின்று கிடந்திருக்கிறான்.

நம்புத்தாய்க்குச் சந்தோஷத்துக்கு முன்னால் கோபம்தான் வந்தது. "படகு நல்லாத்தானடா இருக்கு. ஏன்டா வரல?"

அவன் முகப்பைக் காட்டினான். பாறை உரசி அங்கே கோடு இருந்த இடம் வழித்தெடுத்தாற்போல் இருந்தது. "கோடு போயிருச்சுக்கா. இது எப்படிக் கரைக்குப் போகும்?"

"நான் வந்த படகப் போய்ப் பாரு."

அவன் வத்தையை ஒருமுறை சுற்றிவந்தான். முகப்பில் வலப்பக்கம் தடவினான், இடப்பக்கம் தடவினான். கடைசியில் அக்காவை ஏறிட்டுப் பார்த்தான். "இதுலயா வந்தே?"

அவள் தலையாட்டினாள். அவன் படகோரம் மணலில் உட்கார்ந்தான். பிறகு, பாறையில் தன் கோடு இருக்கிறதா என்று மெல்லக் கேட்டான். பொய் சொல்லத்தான் நினைத்தாள். வாய் வரவில்லை.

"ஆத்தா கழுவிருச்சு."

அவன் மணலில் அப்படியே சாய்ந்துவிட்டான். இனி எனக்கு அங்கே யாருமில்லை, நீ மட்டும் போ என்றான். நம்புத்தாய் அவன் கையைப் பிடித்து அவன் நெஞ்சிலேயே வைத்தாள்.

"கழுவி எத்தன நாளாச்சு. இது இன்னும் அடிச்சுக்கிட்டுத்தானே கெடக்கு."

மறுநாள் காலை தம்பியின் படகில் பாய் விரிந்தது. அவன் குளித்தெடுத்த சங்குகள் அடித்தட்டு நிறையக் கூடை கூடையாகக் குவிந்திருந்தன. அப்பாவின் வத்தை கயிற்றில் பின்னால் வந்தது. பாறை இடுக்கைக் கடக்கையில் முனியராஜ் கண்ணை மூடிக்கொண்டான். திறந்தபோது இந்தப் பக்கம் வந்திருந்தார்கள்.

செம்மணல்தீவுக் கரையில் ஆட்களுக்குக் குறைவில்லை. படகு மணலில் முட்டியதும் எல்லோரும் முதுகைக் காட்டினார்கள். காளிமுத்து வானத்தைப் பார்த்தான். அத்தனை சங்கும் யார் கண்ணிலும் படவில்லை. ஆத்தா பெரும்பாறையைப் பார்த்தபடி, கழுவிய இடத்துக்கு எதிரே நின்றாள்.

முனியராஜ் அவள் பின்னால் போய் நின்றான். "ஆத்தா."

அவள் தோள் குலுங்கியது. திரும்பவில்லை.

"ஆத்தா, பசிக்குது."

அவள் திரும்பிவிட்டாள். "இல்லாதவனுக்குப் பசிக்குமாடா?" என்று கேட்டு, அவனை இழுத்துக் கட்டிக்கொண்டு ஊர் கேட்க அழுதாள்.

முதுகுகள் ஒவ்வொன்றாகத் திரும்பின. காளிமுத்துதான் கடைசி. அவன் வந்து சங்குக் கூடைக்குத் தோள் கொடுத்தான்.

திரும்பவும் கோடு போடலாம் என்று காவி கரைத்துக்கொண்டு வந்தார்கள். முனியராஜ் வேண்டாம் என்றான். பாறையில் அந்த இடம் இன்றும் வெறுமையாகத்தான் இருக்கிறது. அதைத் தாண்டித்தான் அவன் தினமும் கடலுக்குப் போகிறான். கொஞ்சம் தாமதமானாலும் தேடிப் போக ஒருத்தி படகு வைத்திருக்கிறாள்.