வடக்குப் பக்கத்துச் சிறுநீரகம்

காலையில் கண் விழித்ததும் சமையற்கூடம் எங்கே இருக்கிறது என்று தன் காதிடம் கேட்டுக்கொள்வது குடைவூர்க்காரர்களின் வழக்கம். செவ்வாய்க் கோளின் மண்ணுக்கு அடியில் குடைந்து கட்டிய ஊர் அது. வெளியே எலும்பை உறைய வைக்கும் குளிர். உள்ளே ஓடும் வெப்பக்குழாய்களின் சூடு எல்லா வீட்டுக்கும் முறைவைத்துக் கிடைக்க வேண்டும் என்பதற்காக, மக்கள் தூங்கும்போது அறைகளைத் தண்டவாளத்தில் உருட்டி இடம் மாற்றிவிடுவார்கள். வாசல் இருந்த பக்கம் ஜன்னல் வந்திருக்கும். நேற்றுச் சண்டை போட்ட அண்டை வீட்டார் இன்று ஊரின் எந்த மூலையில் விழித்தாரோ தெரியாது. இதனாலேயே எங்கள் ஊரில் பகை நீடிப்பதில்லை என்று குடைவூர்க்காரர்கள் பெருமை அடித்துக்கொள்வார்கள்.

வழி தெரியாமல் யாரும் திண்டாடியதில்லை. பிறந்த குழந்தைக்குப் பெயர் வைக்கும் அன்றே காதுக்குள் செவித்துணை என்ற கடுகளவுக் கருவியைப் பதித்துவிடுவார்கள். "இடது, இடது, பிறகு வலது" என்று அது சொல்லும், கால் நடக்கும். நடுவில் இருக்கும் மூளைக்கு அந்த விவகாரத்தில் வேலை கிடையாது.

தென்குடைப் பேட்டை மட்டும் விதிவிலக்கு. ஆதியில் இந்தச் சுரங்கங்களை வெட்ட நெல்லைச் சீமையிலிருந்து கப்பலேறி வந்தவர்களின் வாரிசுகள் அங்கே இருந்தார்கள். வெளியே வேலைக்குப் போகிற சிலரைத் தவிர அவர்கள் காதில் கருவி கிடையாது. பேச்சில் இடதும் வலதும்கூடக் கிடையாது. "இலையைக் கொஞ்சம் மேக்கால இழு" என்பார்கள். "உன் தெக்குக் கன்னத்துல சோறு ஒட்டியிருக்கு" என்பார்கள். சாப்பிடுகிறவர் திரும்பி உட்கார்ந்தால் அதே கன்னம் வடக்குக் கன்னம் ஆகிவிடும். சூரியனே எட்டிப் பார்க்காத சுரங்கத்தில் உங்களுக்குத் திசை எப்படித் தெரியும் என்று கேட்டால், "இது என்ன கேள்வி?" என்று நம்மையே ஒரு மாதிரி பார்ப்பார்கள். வாய் நாள் முழுக்கத் திசை கேட்டுக்கொண்டே இருந்ததால், உள்ளே எவனோ ஒருவன் தூங்காமல் காவல் நின்று பதில் சொல்லிக்கொண்டிருந்தான். அவ்வளவுதான் விஷயம். ஊரின் மற்றப் பேட்டைகளில் இந்தப் பேச்சைப் பட்டிக்காட்டுத்தனம் என்று சொல்லிச் சிரிப்பார்கள்.

அந்தச் சிரிப்பையெல்லாம் தாண்டி நகர மருத்துவமனையின் தலைசிறந்த அறுவை மருத்துவராக உயர்ந்தவள் உலகம்மாள். செவ்வாயில் பிறந்தவளுக்கு அப்படி ஒரு பெயரா என்று கேட்டால், குலசாமி பெயருக்குக் கோள் பார்க்க முடியாது என்பாள். உடம்புக்குள் நரம்பு எது, நாளம் எது என்று விளக்கில்லாமல் தடவியே சொல்லிவிடுவாள் என்று பேர். ஆனால் யானைக்கும் அடி சறுக்கும். போன வாரம் தன் முறை முடிந்து கிளம்பும்போது, அறுவைச்சேவகன் என்ற இயந்திரத்திடம், "வடக்குப் பக்கத்துச் சிறுநீரகத்தை நாளைக்கு எடுத்துரு" என்று சொல்லிவிட்டுப் போனாள். ஊர் தூங்கியபோது அறுவைக்கூடம் தலைகீழாகத் திரும்பி வேறு இடத்தில் போய் நின்றது. சேவகன் சொன்ன சொல் தட்டாதவன். ஊர்ப்படத்தைப் பார்த்தான், வடக்கைக் கண்டுபிடித்தான், நல்ல சிறுநீரகத்தின் மேல் கத்தியை வைத்தான். பக்கத்தில் நின்ற மருத்துவர் கத்திய கத்தலில் அது தோலில் ஒரு கீறலோடு போயிற்று. தென்குடைக்காரியைத் தவிர வேறு யாரும் செய்ய முடியாத தவறு.

விசாரணை வந்தது. முடிவும் அநேகமாக எழுதியாகிவிட்டது. உலகம்மாள் சொல்மாற்றுச் சிகிச்சை செய்துகொள்ள வேண்டும். தலைக்குள் இருக்கும் நான்கு திசைகளையும் அழித்து இடது வலதை நட்டுவிடுவார்கள். மறுத்தால் கத்தியைக் கீழே வைத்துவிட வேண்டியதுதான், ஆயுளுக்கும்.

விசாரணைக்குக் கிளம்பும்போது அவள் கணவன் சுடலைமுத்து கெஞ்சினான். அவனும் தென்குடையில் பிறந்தவன்தான். நகர அலுவலகத்தில் வேலை கிடைத்ததும் செவித்துணை பதித்துக்கொண்டு, பேச்சையும் மாற்றிக்கொண்டவன்.

"ஏட்டி, ஊரோட ஒத்துப் போயேன். இடது வலதுன்னு பேசுனா நாக்கு தேஞ்சா போயிரும்?"

"நாக்கு தேயாது. தலைதான் தேயும்" என்றாள் உலகம்மாள். "ஒரு உடம்பைத் திறந்தா உள்ள இருக்கது எல்லாம் எந்தெந்தத் திக்குல கெடக்குன்னுதான் எனக்கு மனசுல ஓடும். அதை அழிச்சிட்டுக் கத்தியை மட்டும் கையில குடுத்தா நான் என்ன செய்ய? வெங்காயமா நறுக்க?"

"அப்ப வேலை போயிருமே."

"அந்தப் பயம்தான் எனக்கும்" என்றாள் உலகம்மாள். கத்தி இல்லாத வாழ்க்கையை அவளால் நினைத்துப் பார்க்க முடியவில்லை.

விசாரணைக் கூடத்தில் தலைவர் ஆராவமுதன் நடுவில் இருந்தார். பக்கத்தில் செவித்துணை வாரியத்தின் அதிகாரி பிலோமினா. பார்வையாளர் வரிசையில் நாற்பது ஐம்பது பேர், அவர்களில் சுடலைமுத்தும் ஒருவன்.

"டாக்டர், நீங்க நல்ல சர்ஜன். அதுல யாருக்கும் சந்தேகம் இல்லை" என்று ஆரம்பித்தார் ஆராவமுதன். "ஆனா நோயாளி என்ன திசைகாட்டும் கருவியா?"

கூடம் சிரித்தது.

"தப்பு என்னுதுதான்" என்றாள் உலகம்மாள். "திரும்புற கட்டிலுக்குத் திரும்பாத பேச்சைச் சொல்லிட்டுப் போயிட்டேன். இனிமே நோயாளி உடம்புல மையால அடையாளம் போட்டுட்டுத்தான் போவேன். அதுக்காக என் மண்டையைக் கழுவணுமா?"

பிலோமினா மேசையில் முன்னே சாய்ந்தாள். "பேசற மொழி மூளையை வளைக்கும் டாக்டர். உங்க மூளை சின்ன வயசுலயே வளைஞ்சுபோச்சு. நாங்க நிமித்திக் குடுக்கறோம், வலிக்காது."

"உங்க மூளை வளையலைன்னு எப்படித் தெரியும்மா?"

பிலோமினா பதில் சொல்ல வாய் திறந்தாள். அப்போது விளக்கு அணைந்தது.

சூரியனில் பெரும் புயல் ஒன்று வெடித்து, தரைக்கு மேலே நின்ற மின்நிலையத்தையும், செவித்துணைகளுக்குக் குரல் அனுப்பும் அலைக்கோபுரங்களையும் பொசுக்கிவிட்டிருந்தது. சிவப்பு அவசர விளக்குகள் எரிந்தன. காற்றாடிகள் ஓய்ந்தன. அபாயச் சங்கு ஊதியது, சுவர் ஒலிபெருக்கியில் ஒரு குரல் திரும்பத் திரும்பச் சொன்னது: சேமிப்புக் காற்று வடக்கு முனையில் இருக்கும் மூச்சறைகளில் மட்டுமே உள்ளது, எல்லோரும் உடனே அங்கே போய்ச் சேருங்கள். தாழ்வாரங்களில் இருக்கும் காற்று கொஞ்ச நேரத்துக்குத்தான் தாங்கும்.

உலகம்மாளைத் தவிர கூடத்தில் இருந்த அத்தனை பேரும் காதில் கை வைத்துக்கொண்டு நின்றார்கள். காது பேசவில்லை. பிறந்ததிலிருந்து ஒரு நொடிகூட ஓயாத குரல் ஓய்ந்ததில் சிலர் அழவே தொடங்கிவிட்டார்கள். ஆராவமுதன் மட்டும் தைரியமாகக் கதவைத் திறந்து வெளியே ஓடினார். ஓடி, சுற்றி, பின்பக்கக் கதவு வழியாக அதே கூடத்துக்குள் வந்து சேர்ந்து, "இங்கேயும் ஒரு கூட்டம் மாட்டிக்கிட்டிருக்கே!" என்று பதறினார்.

"எல்லாரும் கையைப் பிடிச்சுக்கிடுங்க. வடக்கால போவணும்" என்றாள் உலகம்மாள்.

"வடக்கு எது?" என்று கேட்டாள் பிலோமினா.

உலகம்மாள் திகைத்துப் போனாள். அவளிடம் யாரும் அதைக் கேட்டதே இல்லை. தனக்கு எப்படித் தெரிகிறது என்று வாழ்க்கையில் முதல் தடவையாக யோசித்தாள். மேற்கேயிருந்து வரும் காற்றாடிக் காற்று நின்றுவிட்டது, ஆனாலும் தெரிகிறதே, எப்படி? பாதம் சொல்லிற்று. கழுவிய தண்ணீர் வடிவதற்காக ஊர்த் தரை முழுவதையும் இம்மியளவு தெற்கே சரித்துத்தான் அவளுடைய முன்னோர் வெட்டியிருந்தார்கள். பிலோமினாவின் முன்னால் இருந்த தண்ணீர்ப் புட்டியை எடுத்துத் தரையில் ஊற்றினாள். சிவப்பு வெளிச்சத்தில் தண்ணீர் ஒரு பக்கமாக ஓடியது.

"தண்ணி ஓடுதுல்லா? அதுக்கு எதிர்த்தாப்புல நடங்க. சந்தேகம் வந்தா மறுபடி ஊத்திப் பாருங்க. பின்னால வாரவங்களுக்கும் சொல்லிக்கிட்டே வாங்க."

சங்கிலி நகர்ந்தது. தாழ்வாரத்தில் சிதறி நின்றவர்கள் எல்லாம் அதில் வந்து கோத்துக்கொண்டார்கள். நாற்சந்தி வந்ததும் இரண்டு பக்கச் சுரங்கங்களிலிருந்தும் அழுகுரல் கேட்டது.

"நீங்க மேக்குச் சுரங்கத்துல நிக்கவங்களைக் கூட்டிட்டு வாங்க. நான் கிழக்க போறேன்" என்றாள் கணவனிடம்.

சுடலைமுத்து அசையவில்லை. "உலகு... மேக்கு எது?" என்றான் மெல்ல.

இருவரும் ஒரே சந்தில் விளையாடி வளர்ந்தவர்கள். இதே சுரங்கங்களில் கண்ணைக் கட்டிக்கொண்டு ஓடி அவளைப் பிடித்தவன் அவன். பேச்சை மாற்றிக்கொண்டான் என்றுதான் இத்தனை காலமும் நினைத்திருந்தாள். அவன் தலைக்குள் இருந்த காவல்காரன் வேலையை விட்டுப் போய்விட்டதை இப்போதுதான் பார்த்தாள். கோபிக்க நேரமில்லை. புட்டியை அவன் கையில் திணித்தாள்.

"தண்ணி ஓடுற பக்கம் பாத்து நில்லுங்க. உங்க வலது கைப் பக்கம் மேக்கு."

அந்தச் சொல் அவள் வாயில் வந்தது அதுவே முதல் தடவை. சுடலைமுத்து ஓடினான்.

அன்று ஊர் முழுக்க இதே கதைதான். எந்தெந்த மூலையில் தென்குடைக்காரர்கள் இருந்தார்களோ அந்தந்த மூலையில் ஒரு கூட்டம் பிழைத்தது. கல்யாண மேடையில் இருந்த தென்குடைப் பெண் ஒருத்தி, மாலையைக்கூடக் கழற்றாமல், மாப்பிள்ளை வீட்டாரை வரிசையாக நிறுத்தி மூச்சறைக்கு ஓட்டிக்கொண்டு வந்தாள். கடைசி ஆள் உள்ளே வந்து கதவு மூடியபோது எண்ணிப் பார்த்தார்கள். குடைவூரில் ஓர் உயிர்கூடப் போகவில்லை. மூச்சறைக்குள் எழுந்த ஆரவாரத்தில் அபாயச் சங்கே கேட்கவில்லை. ஆராவமுதன் உலகம்மாளின் கையைப் பிடித்துக்கொண்டு குழந்தையைப்போல அழுதார்.

பிறகு நடந்ததெல்லாம் வெற்றி, வெற்றி, வெற்றி. விசாரணை ரத்தானது. அறுவைப் பிரிவுக்கு உலகம்மாளே தலைவி ஆனாள். கீறல் வாங்கிய நோயாளி மாலையோடு வந்து, "என் ரெண்டு சிறுநீரகமும் எந்தத் திக்குல இருந்தாலும் அது உங்க சொத்து டாக்டரம்மா" என்றார். நேற்றுவரை பட்டிக்காட்டுப் பேச்சாக இருந்தது இன்று குடைவூரின் அறிவிக்கப்பட்ட நகரப் பேச்சு. நாள் முழுக்கத் திசை பேசியதால்தான் அவர்களுக்கு மட்டும் அப்படி ஒரு மூளை அமைந்தது என்று அறிஞர்கள் மாநாடு போட்டு ஒப்புக்கொண்டார்கள். ஊரே அதைக் கற்றுக்கொள்ளக் கிளம்பியது.

கிளம்பிய ஊர் பாதி வழியில் உட்கார்ந்தது. வாயைத் திறக்கும் முன் ஒவ்வொரு முறையும் தரையையும் காற்றையும் கவனித்து யோசிக்க வேண்டியிருந்தது. அதற்கெல்லாம் யாருக்குப் பொறுமை இருக்கிறது? பிலோமினாவின் வாரியம் கைகொடுத்தது. செவித்துணையின் இடத்தில் திசைத்துணை வந்தது. இது இடது வலது என்று சொல்லாது. கிழக்கு, மேற்கு, வடக்கு, தெற்கு என்று நெல்லைத் தமிழிலேயே சொல்லும். கோபுரம் விழுந்தாலும் பேசும்படி அதற்குத் தனிச் சக்தி வைத்திருப்பதாகச் சொன்னார்கள். ஒரே மாதத்தில் ஊர் முழுக்க "உங்க கிழக்குத் தோள்ல தூசி" என்று ஒருவரை ஒருவர் தட்டிவிட ஆரம்பித்தார்கள். மக்களின் சிந்தனையே மாறிவிட்டது என்று அதே அறிஞர்கள் இன்னொரு மாநாடு போட்டார்கள்.

முதல் திசைத்துணையை உலகம்மாளுக்குத்தான் பரிசளித்தார்கள். அவள் தயங்கினாள்.

"ஊரே மேடை போட்டு நீட்டுது. வேண்டாம்னு சொன்னா மரியாதையாவா இருக்கும்?" என்றான் சுடலைமுத்து. "அதுவும் நம்ம பேச்சைத்தானே பேசுது?"

அதுவும் சரிதான் என்று பட்டது. பதித்துக்கொண்டாள். "தெக்கால திரும்பு தாயி" என்று அது சொன்னதைக் கேட்டதும் அவளுக்குச் சிரிப்பு வந்தது, கண்ணும் கலங்கியது. தென்குடைப் பேட்டையே அவளைப் பார்த்து வரிசையில் நின்று பதித்துக்கொண்டது. நம் பேச்சு ஜெயித்துவிட்டது என்று அன்று தெருவெல்லாம் சர்க்கரைப் பொங்கல் வைத்தார்கள்.

ஊர் தப்பித்த நாளை ஆண்டுதோறும் விழாவாக எடுத்தார்கள். மூன்றாம் ஆண்டு விழாவில் உலகம்மாளை மலர் வண்டியில் ஏற்றி, மேளதாளத்தோடு ஊர்வலம் வந்தது. ஆயிரக்கணக்கான பேர் வண்டிக்குப் பின்னால் வந்தார்கள். பாராட்டு மேடை தெற்குத் திடலில். நாற்சந்திக்கு வந்தபோது எல்லோர் காதிலும் ஒரே சமயத்தில், "திசைத்துணை புதுப்பிக்கப்படுகிறது, பொறுத்திருக்கவும்" என்ற அறிவிப்பு வந்தது. அப்புறம் அமைதி. மேளம் நின்றது. ஊர்வலம் நின்றது. முன்னால் போனவர்கள் நான்கு சுரங்கங்களையும் மாறி மாறிப் பார்த்தார்கள்.

ஆராவமுதன் சிரித்துக்கொண்டே வண்டியின் அருகில் வந்தார். "யாரும் பதறாதீங்க! நம்ம டாக்டரையே கூட வெச்சுக்கிட்டு நமக்கென்ன கவலை?" என்று கூட்டத்தைப் பார்த்து உரக்கச் சொன்னார். கைதட்டல் சுரங்கத்தை அதிர வைத்தது. பிறகு அவளிடம் பணிவாகக் கேட்டார். "சொல்லுங்க டாக்டர், தெற்கு எந்தப் பக்கம்?"

ஊரே நம்பிக்கையோடு அண்ணாந்து அவள் முகத்தைப் பார்த்தது. உலகம்மாள் ஒரு சுரங்கத்தைப் பார்த்தாள். அடுத்ததைப் பார்த்தாள். பிறகு மாலைகளை ஒதுக்கிவிட்டுக் காதில் விரலை வைத்து அழுத்திக்கொண்டாள்.

"ஒரு நிமிஷம் பொறுங்க" என்றாள். "இப்ப வந்துரும்."