கன்னத்தில் அடக்கிய கல்

மார்ச் பன்னிரண்டாம் தேதி, வியாழக்கிழமை, காலை பதினொன்று பத்துக்கு, கல் பரிசோதனைக்கூடத்தின் மாடியறைத் தராசு ஒரு கல்லின் எடையைச் சொல்ல ஒன்பது நிமிடம் எடுத்துக்கொண்டது. வழக்கமாக நான்கு நொடி.

பரிசோதகி அந்த நான்கு நொடிக்குப் பழகியவள். பதினான்கு வருடமாக, கல்லை வைத்துவிட்டுப் பேனா மூடியைக் கழற்றுவதற்குள் எண் வந்து நின்றுவிடும். அன்று எண்கள் யோசித்து யோசித்து ஏறின. கல் சுண்டுவிரல் நகத்தளவுதான். புகையைத் தண்ணீரில் கரைத்த மாதிரி நிறம். துடைப்பதற்காக அதன்மேல் ஒரு சொட்டு ஸ்பிரிட் விட்டாள். விட்ட கையோடு ஆவியாகிப் போயிருக்க வேண்டியது, உருண்டு திரண்டு அப்படியே உட்கார்ந்திருந்தது. அவள் வேறு மூன்று கற்களைப் பார்த்து முடித்துத் திரும்பியபோதும் உட்கார்ந்திருந்தது. படிவத்தில் ‘இனம் தெரியவில்லை’ என்று எழுதினாள்.

கல்லை வாங்கிப் போகத் தம்பி மேலே வந்தான். கீழ்த்தளத்தில் பட்டை தீட்டுகிறவன். வீட்டில் அவனுக்குச் சின்னவன் என்று பெயர். முப்பத்தொரு வயதாகியும் அது மாறவில்லை.

“தராசு தூங்கி வழியுதுடா. ஒன்பது நிமிஷம்.”

“வயசாயிடுச்சுக்கா. உன்னை மாதிரியே.”

“உதை வாங்குவே. இந்தக் கல்லுல என்னமோ சரியில்ல. நாளைக்குப் பாத்துக்கலாமே.”

“முதலாளி நாலு பட்டை போட்டுப் பாக்கச் சொல்லிட்டாரு. நாலே நாலு.”

“வாயில மட்டும் போட்டுக்காதே.”

“போடல, தாயே.”

போடுவான் என்று அவளுக்குத் தெரியும். கல்லைக் குச்சியில் ஒட்ட அரக்கை உருக்கும்போது இரண்டு கையும் வேலையாக இருக்கும். மேசையில் வைத்தால் தூளோடு தூளாகத் தொலைந்துவிடும். அதனால் பட்டை தீட்டுகிறவர்கள் கல்லைக் கன்னத்தில் அடக்கிக்கொள்வார்கள். ‘அது என்ன பெப்பர்மின்ட்டாடா?’ என்று எத்தனையோ முறை திட்டியிருக்கிறாள்.

கீழே சக்கரம் சுழலத் தொடங்கியது. அந்தச் சத்தத்தைக் காதால் கேட்பதையே அவள் எப்போதோ விட்டிருந்தாள்; சுவர்க் கடிகாரத்தைப் போல அதுவும் அறையின் ஒரு பகுதி. அதனால்தான் அது இறங்கத் தொடங்கியதும் நிமிர்ந்து பார்த்தாள். வண்டின் ரீங்காரமாக இருந்தது முனகலாகி, முனகல் யாரோ மூச்சை இழுத்துப் பிடிப்பதுபோல் ஆகி, பிறகு காதுக்கு எட்டாமல் காலடித் தரையில் மட்டும் அதிர்ந்தது. மின்சாரம் குறைந்திருக்கலாம் என்று நினைத்தாள். விளக்கு மங்கவில்லை.

எழுந்து படியில் இறங்கினாள். ஈரக் கல்தூளின் வாடை. காய்ந்த அரக்கின் வாடை. பாதிப் படியில் சக்கரத்தின் சத்தம் பழையபடி மேலே ஏறிவந்தது. அப்பாடா என்று நின்று மூச்சு விட்டாள்.

கல் சக்கரத்தை விட்டு விலகியிருந்தது. அவ்வளவுதான்.

அவன் மறுபக்கம் ஒட்டுவதற்கு அரக்கைத் தீயில் காட்டிக்கொண்டிருந்தான். திரும்பினான். இடது கன்னம் உப்பியிருந்தது.

“வாயில என்னடா?”

மாட்டிக்கொண்ட சிரிப்பு. காட்டுவதற்காக வாயைத் திறந்தான்.

திறந்துகொண்டே இருந்தான்.

அரக்கின் மேலிருந்த தீ ஆடவில்லை. அவன் இமைக்கவில்லை. பல்லுக்கு நடுவே, நாக்கின்மேல், கல் மினுங்கியது.

“டேய், விளையாடாதே.”

அவன் உதட்டில் விரல் வைத்தாள். உடனே எடுத்தாள். ஜன்னலில் வெயில் இல்லை. வாசலில் முதலாளி நின்றிருந்தார். முகம் வெளுத்திருந்தது.

“நேத்திலேர்ந்து கூப்பிட்டுட்டிருக்கேன்மா.”

பல் டாக்டர் ஒருவர் வந்தார். இடுக்கியோடு குனிந்தவர் பத்தொன்பது நாள் குனிந்தபடி நின்றார். நிமிர்ந்ததும், “இந்த லைட்டைக் கொஞ்சம் கிட்ட பிடிங்க” என்றார். விஷயத்தைச் சொன்னபோது தாடியைத் தடவிப் பார்த்தார்; ஒரு மயிரும் கூடுதலாக முளைத்திருக்கவில்லை. அதற்குப் பிறகு யாரும் வரவில்லை. முதலாளி பட்டறையை மூடிச் சாவியை அவளிடம் கொடுத்துவிட்டார்.

கல்லின் அகலம் ஆறரை மில்லிமீட்டர். பல்லுக்கு நடுவே இடைவெளி மூன்று. தொடாமல் அளக்க அவளிடம் லென்ஸ் இருந்தது. மாதத்துக்குப் பத்தில் ஒரு பங்கு மில்லிமீட்டர் திறந்தது. கணக்குப் போட்டாள்: முப்பத்தைந்து மாதம். அப்புறம் இடுக்கியை விட்டு எடுத்துவிடலாம். இடுக்கி கல்லைத் தொட்டு வெளியே வருவதற்குள் உலகத்தில் இரண்டு வருடமோ நான்கு வருடமோ போய்விடும். போகட்டும்.

தினமும் வந்தாள். விளக்கை அவன் முகத்துக்கு நேரே வைத்து, ஒரு சாண் தூரத்தில் லென்ஸோடு உட்கார்ந்தாள். “இன்னும் கொஞ்சம் திறடா, சின்னவனே.” தரையில் அந்த அதிர்வு இருந்துகொண்டே இருந்தது. அது அவனுடைய சிரிப்பு என்று புரிய அவளுக்கு எட்டு மாதம் ஆயிற்று.

இரண்டாம் வருடக் கடைசியில் அதிர்வு நின்றது.

பிறகு வாயின் ஓரங்கள் இறங்கின. புருவம் ஏறியது. கண் விரிந்தது. வலியோ என்று பயந்து இன்னும் கிட்டே போய்ப் பார்த்தாள். கண்மணிக்குள் விளக்கு தெரிந்தது. விளக்குக்கு முன்னால் அவள்.

அவன் பக்கத்திலிருந்து இது எப்படித் தெரியும் என்று அப்போதுதான் அவளுக்குத் தோன்றியது.

ஒரு நொடிக்குள் எழுநூறு தடவை வந்து போகும் வெளிச்சம். அதன் நடுவே ஒரு முகம். நரைத்துக்கொண்டே போகும் முகம். அக்கா இல்லை. மூக்குக்கு நேரே துடிக்கும் ஏதோ ஒன்று.

விளக்கை அணைத்தாள். சுவரோரமாகப் போய் உட்கார்ந்தாள். நான்கு மாதம் தினமும் அங்கேயே அசையாமல் உட்கார்ந்து பார்த்தாள். அவனுக்கு அது எவ்வளவு நேரம்? ஒன்றுமில்லை.

முப்பத்து மூன்றாம் மாதம் இடைவெளி ஆறு புள்ளி இரண்டு.

முப்பத்து நான்காம் மாதமும் ஆறு புள்ளி இரண்டு.

முப்பத்தைந்தாம் மாதம் ஐந்து புள்ளி ஒன்பது. கல் நாக்கின் நடுவிலிருந்து பின்னால் நகர்ந்திருந்தது. தொண்டைக்குமிழ் அரை விரற்கடை மேலே ஏறியிருந்தது.

பயத்தில் அவன் விழுங்கத் தொடங்கியிருந்தான்.