பெரியவருக்குக் கேட்காத குரல்

உள்ளறையில் குழந்தை இருமியது. திரையில் பெரியவர் தலையைத் தூக்கினார்.

அவள் கீபோர்டிலிருந்து கையை எடுத்துவிட்டாள். மதியம் மூன்று மணி, தெருவே கண்ணயர்ந்திருந்த நேரம். தலைக்கு மேல் மின்விசிறி வழக்கமான முனகலோடு சுற்றிக்கொண்டிருந்தது, ஜன்னல் திரைச்சீலை காற்றில் உப்புவதும் அடங்குவதுமாக இருந்தது, மைக் வைத்த ஹெட்போன் மேஜை இழுப்பறைக்குள் வயரைச் சுருட்டிக்கொண்டு கிடந்தது. வீட்டுச் சத்தம் கணினிக்குள் போக ஒரு வழியும் இல்லை. இருந்தும் கண்ணில்லாத அந்தத் தலை உள்ளறைப் பக்கமாகச் சாய்ந்து நின்றது.

பெரியவர் என்பது அலுவலகத்தில் வைத்த பட்டப்பெயர். கட்டம் கட்டமான கற்களை அடுக்கி அவரவர் இஷ்டத்துக்கு வீடு, மலை, ஊர் என்று கட்டிக்கொள்ளும் ஒரு வீடியோ கேம்; அதில் பூமிக்கு அடியில் தூங்கும் பூதம் அவர். நிமிர்ந்தால் கூரை இடிக்கும். முகம் இருக்க வேண்டிய இடத்தில் இரண்டு காதுகள் மட்டும் திறந்து மூடும். அவர் எப்போது எழுவார், எப்படி நடப்பார், எதற்கு அடங்குவார் என்று ஒவ்வொன்றாகச் சோதித்து எழுதி அனுப்புவதுதான் அவள் வேலை. பூதத்துக்கு நன்னடத்தைச் சான்றிதழ் எழுதச் சம்பளம் கொடுக்கிறார்கள் என்று கணவர் கிண்டல் செய்வார்.

அவருடைய குணங்கள் அவளுக்கு மனப்பாடம். கடிகாரம், காற்று, மழை எதுவும் அவருக்குப் பொருட்டில்லை. உயிர் எழுப்பும் சத்தம்தான் அவர் காதில் ஏறும். முதல் சத்தத்துக்குத் தலையைத் தூக்குவார். இரண்டாவதற்கு நடந்து வருவார். மூன்றாவதற்கு ஒரே அடி, அதற்கு மேல் அடிக்க எதுவும் மிச்சமிருக்காது. ஐந்து நிமிடம் முழு அமைதியாக இருந்தால் மட்டும் வந்த வழியே மண்ணுக்குள் இறங்கிப் போய்விடுவார்.

சோதனைக்கென்று அவள் கேமுக்குள் ஒரு வீடு கட்டியிருந்தாள். புதிதாக யோசிக்கச் சோம்பல்பட்டு, தான் குடியிருக்கும் வீட்டையே டேப் வைத்து அளந்து கட்டிவிட்டாள். அதே கூடம், அதே நடை, நடையின் கோடியில் அதே உள்ளறை. சோதிப்பவர்களின் பெயர்கள் தனிப் பட்டியலில் இருக்கும். அவர்கள் என்ன சத்தம் போட்டாலும் பெரியவருக்குக் கேட்காது. இல்லாவிட்டால் அடி வாங்கவே நேரம் போதாது, குறிப்பு எங்கே எழுதுவது?

அவள் செல்போனை எடுத்து, பெரியவரை உருவாக்கிய புரோகிராமரைக் கூப்பிட்டாள். தாடி என்றால்தான் அலுவலகத்தில் அவனைத் தெரியும்.

"தம்பி, இந்த கேம் மைக்கைக் கேக்குதா?"

"மைக்கா? அதுக்குக் கோடிங்கே எழுதலையே அக்கா. ஏன்?"

"பாப்பா ரெண்டு நாளா இருமலோட லீவுல இருக்கா. அவ இருமினா இவர் திரும்பறார்."

"பெரியவர் பாசக்காரர் ஆயிட்டாரு போல" என்று தாடி சிரித்தான். "அப்புறம் உங்க கல் மேட்டரைக் காலையிலயே முடிச்சிட்டேன். இனிமே அந்தக் கம்ப்ளெயின்ட்டைத் திறக்காதீங்க, புண்ணியமா போகும்."

சோதிப்பவர் பேசினால் கேட்காத பெரியவர், அவர்கள் கல்லெறிந்தால் மட்டும் அந்தப் பக்கம் திரும்பிப் போய்க்கொண்டிருந்தார். தவறு தவறுதான் என்று அவள் மூன்று முறை எழுதி, விடாப்பிடியாக நின்று திருத்த வைத்திருந்தாள். அவளுக்கு அதில் கொஞ்சம் பெருமைகூட உண்டு.

"நல்லது தம்பி" என்று போனை வைத்தாள்.

குழந்தை மறுபடியும் இருமியது. தொண்டையைச் சுரண்டும் வறட்டு இருமல்.

திரையில் பெரியவர் நடந்தார். அவள் அளந்து கட்டிய கூடத்தைக் கடந்தார், நடைக்குள் நுழைந்தார், நிலைப்படி இடிக்காமல் குனிந்தார், சுவரின் மறைவில் போனார். அவள் மவுஸை நகர்த்தி அந்தப் பக்கம் எட்டிப்பார்த்தாள். நடை காலியாக இருந்தது. உள்ளறை காலியாக இருந்தது. திரையின் ஓரத்தில் அந்த உலகத்திலுள்ள உயிர்களின் எண்ணிக்கை காட்டும் இடத்தில் ஒன்று என்பது பூஜ்யமாக மாறியிருந்தது.

அப்போதுதான் அந்த வாடை வந்தது. கிணறு தோண்டும்போது அடியிலிருந்து ஏறுமே, வெயிலே படாத மண்ணின் ஈரவாடை, அது கதவிடுக்கு வழியாக மெல்ல உள்ளே வந்து மூக்கில் ஏறியது. மேஜைமேல் பாதி குடித்து வைத்திருந்த தண்ணீரில் ஒரு வளையம் தோன்றி விளிம்பைத் தொட்டு அழிந்தது, சற்றுப் பொறுத்து இன்னொரு வளையம், இரண்டுக்கும் நடுவே, நடையில், தரையோடு தரையாக ஏதோ கனமாக வைக்கப்படும் சத்தம். அந்த இடைவெளி அவளுக்குத் தெரியும். எத்தனை நொடிக்கு ஒரு அடி என்று அவளே அளந்து எழுதியிருக்கிறாள்.

கதவைத் திறந்தாள்.

நடையை அடைத்துக்கொண்டு ஒரு முதுகு. திரையில் கட்டம் கட்டமாக இருப்பவர். இங்கே கட்டங்கள் இல்லை. ஈரத்தோல் இருந்தது, தோலில் வேர்கள் ஒட்டியிருந்தன. கழுத்து கூரையில் உரசி, சுண்ணாம்பு பொடிப்பொடியாக உதிர்ந்தது.

"ஐயோ" என்று வாய்விட்டுக் கத்திவிட்டாள்.

அவர் திரும்பவில்லை. காதுகூட அசையவில்லை. அவளுக்குப் புரிந்துவிட்டது. தன் பெயர் எந்தப் பட்டியலில் இருக்கிறது என்பதும், குழந்தையின் பெயர் எதிலும் இல்லை என்பதும்.

சுவரோடு முதுகை ஒட்டி, அந்த ஈரம் தோளில் பட, அவரைத் தாண்டி உள்ளறைக்கு ஓடினாள். ஐந்து வயது மகள் போர்வைக்குள் விழித்துப் படுத்திருந்தாள். அம்மாவின் தோளுக்குப் பின்னால் நிலைப்படியைப் பார்த்தாள். வாய் திறந்தது. அவள் பாய்ந்து கையால் பொத்தினாள்.

"கண்ணு, பேசக் கூடாது. அம்மா பேசலாம், நீ பேசக் கூடாது. இது ஒரு விளையாட்டு. அஞ்சு நிமிஷம் பொம்மை மாதிரி இருக்கணும். இருப்பியா? தலையை மட்டும் ஆட்டு."

குழந்தை தலையை ஆட்டினாள். கண்ணில் நீர் முட்டி நின்றது. சுவர்க் கடிகாரத்தில் மணி மூன்று பத்து.

அறைக்கு அந்த ஒரு வாசல்தான். ஜன்னலில் இரும்புக் கம்பி. வாசலில் பெரியவர் குனிந்து, முதலில் தலையை, பிறகு ஒரு தோளை உள்ளே நுழைத்தார்.

கட்டிலருகே பால் குடித்த டம்ளர் இருந்தது. அதை எடுத்துத் தன் பலத்தையெல்லாம் கூட்டி நடைக்குள் வீசினாள். எஃகு டம்ளர் சுவரில் மோதி, தரையில் விழுந்து, உருண்டு உருண்டு, வீடே அதிரும்படி ஒலித்து ஓய்ந்தது. செத்தவர்கள்கூட எழுந்திருப்பார்கள். அவர் திரும்பவில்லை.

கல் மேட்டர். காலையிலேயே முடித்துவிட்டான். தன் தலையில் தானே மண்ணை அள்ளிப் போட்டுக்கொண்டாள், அதுவும் மூன்று முறை எழுதிக் கேட்டு.

ஒரு கையால் குழந்தையின் வாயைப் பொத்தியபடியே மறு கையால் இடுப்பில் செருகியிருந்த போனை எடுத்து அழுத்தினாள்.

"தம்பி, என் பேரைப் பட்டியல்லேருந்து எடு. பெரியவருக்கு நான் கேக்கணும். இப்பவே."

"என்னக்கா, அடி வாங்க அவ்ளோ ஆசையா?"

"எடுடா. கெஞ்சிக் கேக்கறேன். என்னை அவருக்குக் காட்டு."

அவள் குரலில் எதையோ கேட்டு அவன் சிரிப்பை நிறுத்தினான். கீபோர்டைத் தட்டும் சத்தம் போனில் கேட்டது. "எடுத்துட்டேன் அக்கா. ஆனா ஆறு மணிக்குப் புது பில்டு உங்க கேமுக்கு வரும்போதுதான் மாறும். அதுக்கு முன்னாடி என் கையில எதுவும் இல்லை. அக்கா? அக்கா, என்ன ஆச்சு?"

போன் போர்வையில் நழுவி விழுந்தது. மூன்று பன்னிரண்டு.

உள்ளங்கைக்குள் குழந்தையின் தொண்டை துள்ளியது. இருமல் வருகிறது. தலைமாட்டில் இருந்த பாட்டிலைத் திறந்து ஒரு மடக்கு தண்ணீரை மெல்ல ஊற்றினாள். குழந்தை சத்தமில்லாமல் விழுங்கினாள். மார்பு உப்பியது, அடங்கியது, உப்பியது. இன்னொரு மடக்கு. இருமல் பின்வாங்கியது. இந்தப் பிஞ்சுக்கு இவ்வளவு சாமர்த்தியம் எங்கிருந்து வந்தது என்று அவள் நெஞ்சு வெடித்தது.

மூன்று பதிமூன்று.

"சமத்து. என் தங்கம். இன்னும் கொஞ்சம்தான்."

பெரியவர் கட்டிலருகே வந்துவிட்டார். மண்வாடையில் மூச்சு முட்டியது. அவள் அவர் கையைப் பிடித்து இழுத்தாள், குத்தினாள், நகத்தால் கிழித்தாள், கடித்தாள். வாய் நிறைய மண். அவருக்கு ஒரு ஈ உட்கார்ந்த உணர்வுகூட இல்லை. குழந்தை மேல் குறுக்கே விழுந்து மூடிக்கொண்டாள். ஒரு பெரிய கை, அவளை அள்ளி எறியவில்லை, அடிக்கவில்லை. போர்வையை விலக்குவதுபோல் ஓரமாக ஒதுக்கியது.

மூன்று பதினான்கு. இன்னும் ஒரே நிமிடம். குழந்தை கண்களை இறுக மூடியிருந்தாள். மூச்சை அடக்கியிருந்தாள். ஒரு சத்தமும் இல்லை.

சுருங்கியிருந்த காதுகள் மெல்லத் திறந்தன. முழுதாகத் திறந்தன.

அவர் குனிந்தார். மிகவும் பொறுமையாக. முகமில்லாத அந்தத் தலை குழந்தையின் நெஞ்சுக்கு மேல் ஒரு விரற்கடை உயரத்தில் வந்து நின்றது.

சட்டைக்கு அடியில் அந்தச் சின்ன இதயம் படபடவென்று அடித்துக்கொண்டிருந்தது. அவள் தன் கையை அதன்மேல் வைத்து அழுத்தினாள். வாயைப் பொத்திவிடலாம். இதை எப்படிப் பொத்துவது?

ஒவ்வொரு துடிப்புக்கும், மெல்ல, பெரியவர் தலையை ஆட்டிக்கொண்டிருந்தார்.